தனிக் குரல்

சங்கீதம் என்ற சொல்லைக் கேட்ட மாத்திரத்தில் நம்மவர் மனக்கண்முன் தோன்றுவது ஒரு சபை. நடுவே வித்துவான், ஒருபுறம் மிருதங்கம், மறுபுறம் பிடில், பின்னே தம்புரா, எதிரே தலையாட்டுவோர். பாட்டு என்றாலோ சினிமா. அதிலே சொல் எழுதுபவர் ஒருவர்; மெட்டுக் கட்டுபவர் மற்றொருவர்; பாடுபவர் வேறொருவர்; திரையில் நின்று வாயசைப்பவர் நான்காமவர். இந்நால்வருள் எவருடைய துயரம் அப்பாட்டில் உள்ளது என்று கேட்டால், கதையில் வரும் ஐந்தாமவர் ஒருவருடையது என்று விடை வரும்! தன் நெஞ்சில் உள்ளதைத் தானே சொல்லாக்கி, தானே இசையாக்கி, பக்கவாத்தியமும் பாராட்டும் வேண்டாது தானே பாடும் ஒருவரை நம்முள் காட்டுக என்றால், படித்த இளைஞர் நம்மைப் பரிதாபத்துடன் நோக்கி மேனாட்டுப் பக்கம் கை காட்டுவர்.

அவர்கள் காட்டுவதும் பொய்யன்று. ஜஸ்டின் வெர்னன் என்னும் அமெரிக்க இளைஞர், 2006ஆம் ஆண்டின் இறுதியில், விஸ்கான்சின் மாகாணத்துக் காட்டிலே தம் தந்தையாருக்குரிய வேட்டைக் குடில் ஒன்றிற் சென்று தங்கினார். உடன் வாசித்த குழு கலைந்து, காதல் முறிந்து, உடலும் நலிந்திருந்த காலம் அது. அக்குளிர் காலத்தைத் தனிமையிற் கழித்து, கித்தாரும் ஒலிப்பதிவுக் கருவியும் துணையாக, தம் குரலின்மேல் தம் குரலையே அடுக்கிப் பாடிப் பதிந்தார். அவற்றைப் போன் இவேர் என்னும் பெயரில் 2007இல் தாமே வெளியிட்டார். கம்பெனியார் அவரைத் தேடி வந்தது அதன் பின்னரே. கம்பெனிகளைச் சாராது நிற்பதால் இவ்வகையை இண்டி என்றும், நாட்டார் பாட்டின் எளிமையை ஒட்டியதால் ஃபோக் என்றும் சேர்த்து வழங்குகின்றனர்.

யான் ஆங்கில வழியிற் பயின்றவன். இத்தகைய பாட்டுக்களைப் பள்ளிப் பருவம் முதலே செவியிற் குழாய் செருகிக் கேட்டு, எந்த இடத்தில் பாடகர் மூச்சு வாங்குகிறார் என்பது வரை அறிந்து வைத்திருந்தேன். ஆனால் எனது பாட்டியார் பால்மரம் சீவிய காலத்தில் என்ன பாடினார் என்பதை அறிந்திலேன். கேட்டறிய வேண்டும் என்ற எண்ணம் எனக்குத் தோன்றியபோது அவர் உயிருடன் இல்லை.

இக்குறையே இக்கட்டுரையை எழுதத் தூண்டிற்று. தனியே இருந்து தன்னைப் பாடும் வழக்கம் நமக்குப் புதிதன்று. அயலார் கொடுத்த கொடையுமன்று. நம் தோட்டத்து நிரைகளிலே அது நாள்தோறும் விடியுமுன் நிகழ்ந்தது. நிகழ்ந்ததற்குச் சாட்சி வைக்கத்தான் நாம் தவறினோம்.

இதனைச் சற்று விளக்குதல் வேண்டும். தஞ்சையிலும் திருச்சியிலும் சேலத்திலும் நம் முன்னோர் விட்டுவந்த வயல் வேலை கூட்டு வேலை. நடவுப் பெண்கள் வரிசையாய்க் குனிந்து நிற்க, ஒருத்தி முதலடி எடுப்பாள், மற்றையோர் தொடர்வர், குலவை எல்லார்க்கும் பொது. ஏற்றம் இறைப்போர் பாட்டும் அவ்வாறே, ஒருவன் மிதிக்க ஒருவன் இறைக்க எழுவது. இலங்கைத் தேயிலை மலைகளிலும் கொழுந்து பறிப்போர் பக்கத்திற் பக்கமாய் நின்றனர். பால்மரமோ இவ்வாறன்று. பிரேசில் நாட்டிலிருந்து விதையாய்ப் புறப்பட்டு, லண்டன் கியூ தோட்டத்தில் முளைத்து, 1877இல் 22 கன்றுகளாய்ச் சிங்கப்பூரில் வந்திறங்கிய இம்மரத்தின் இயல்பு வேறு. விடியற்காலையில் பட்டையைச் சீவினால்தான் பால் நன்றாக ஓடும். வெயில் ஏற ஏற மரத்தினுள் நீரின் அழுத்தம் தணிந்து ஒழுக்கு மந்தமாகும். ஆதலின் இருள் பிரியுமுன்னரே பெரட்டு. பெயர் கூப்பிட்டு முடிந்ததும் ஒவ்வொருவரும் தத்தம் நிரைக்குப் பிரிந்துவிடுவர். ஓர் ஆளுக்கு முந்நூறு நானூறு மரங்கள். நெற்றியிலே விளக்கு, கையிலே கத்தி, மரத்துக்கொரு மங்கு. சுற்றிலும் ஒன்றைப்போல் ஒன்று நிற்கும் மரங்கள். பேச ஒருவருமில்லை, அடுத்த ஆளின் விளக்கு எங்கோ மின்மினிபோல் தெரிந்து மறையும்.

இந்நிலையில் மனிதப் பிறவி என் செய்யும்? பாடும். பாம்புக்கும் புலிக்கும், இல்லாத பேய்க்கும் அஞ்சிப் பாடத் தொடங்கியவள், கேட்பார் இல்லை என்ற துணிவு பிறந்ததும் கங்காணியைப் பாடினாள். குடித்துவிட்டு வந்து அடித்த கணவனைப் பாடினாள். ஆயாக் கொட்டகையில் விட்டுவந்த குழந்தையைப் பாடினாள். இறுதியில், வேறு பொருளெல்லாம் தீர்ந்த பின், தன்னைப் பாடினாள். கூட்டத்திற் பாடும் பாட்டு கூட்டத்துக்கு ஒத்ததையே சொல்லும். தனிமையிற் பாடும் பாட்டுக்கு அந்தக் கட்டுப்பாடு கிடையாது. தமிழ் உழவரின் கூட்டுப் பாட்டைத் தனிப் பாட்டாக மாற்றியது பால்மரத் தொழிலின் அமைப்பே என்பது எனது துணிபு. மறுப்போர் மறுக்கலாம், ஆனால் ஒருநாள் விடியுமுன் நிரை நடுவே தனியே நின்று பார்த்துவிட்டு மறுப்பாராக.

பாட்டின் கருவிகளை அவர்கள் ஊரிலிருந்தே கொணர்ந்தனர் என்பதை மறைக்க வேண்டுவதில்லை. தாலாட்டும் ஒப்பாரியும் கப்பலிற் கூலிச் சீட்டோடு வந்த சொத்துக்கள். சுங்கத்தார் பிடுங்க முடியாத சொத்துக்கள். அவற்றுள் ஒப்பாரியைப் பற்றி நம்மவர் கொண்டிருக்கும் எண்ணம் பெரும்பாலும் தவறானது. அது பிணத்தின் புகழ் என்று நினைக்கின்றனர். ஒருமுறையேனும் செவி கொடுத்துக் கேட்டவர் அவ்வாறு நினையார். முதற் சில அடிகள் இறந்தவர்க்கு உரியவை. பின்னர் வருவனவெல்லாம் பாடுபவளுக்கே உரியவை. பிறந்த வீட்டார் கைவிட்டது, புகுந்த வீட்டார் புறக்கணித்தது, அண்ணன் சீர் கொண்டு வராதது, இனித் தனக்கு யார் என்பது. ஊர் நடுவே ஒரு பெண் தன் வாழ்க்கையைக் குறைகூறிப் பாட, அதை ஒருவரும் தடுக்க முடியாத ஒரே இடம் இழவு வீடு. தன்னை நோக்கிய பாட்டு என்று மேனாட்டார் பெருமை பேசுவது இதனினும் வேறு யாது?

இவ்வாறான பாட்டுக்களைத் தேடித் தொகுத்தோர் இல்லாமலில்லை. இலங்கையில் சி. வி. வேலுப்பிள்ளை மலைநாட்டு மக்களின் பாடல்களைத் திரட்டினார். நம் நாட்டில் முத்தம்மாள் பழனிசாமி தாம் தோட்டத்திற் கேட்டு வளர்ந்த பாட்டுக்களை எழுத்தில் ஏற்றினார். இவர்கள் செய்த தொண்டு பெரிது. ஆயினும் தொகுப்பிலே பாட்டு இருக்கும், பாடியவள் இராள். யாருடைய கணவன், எந்தத் தோட்டம், எந்த ஆண்டு என்பன உதிர்ந்துபோய், மக்கள் பாட்டு என்னும் பொதுப் பெயர் நிற்கும். அரசன் அவையிற் பாடிய புலவனுக்குப் பெயர் உண்டு. ஏன், அரண்மனை யானைக்கும் பெயர் உண்டு. நாற்பது ஆண்டு பால் வெட்டியவளின் பாட்டுக்கு மட்டும் ஊர்ப் பெயரா?

பெயரோடும் நூலோடும் ஆண்டோடும் நமக்குக் கிடைக்கும் ஒரு பெண்ணைக் காண வேண்டுமாயின் கடல் தாண்டி இலங்கைக்குச் செல்ல வேண்டும். அவர் மீனாட்சியம்மாள், கோ. நடேசய்யரின் துணைவியார்.

நடேசய்யரைப் பற்றி நம் வாசகருட் பலர் அறிவர். தஞ்சைச் சீமையிற் பிறந்து இலங்கையை அடைந்து, 'தேசபக்தன்' பத்திரிகையை நடத்தி, 1931இல் தோட்டத் தொழிலாளர்க்கென்று சம்மேளனம் கண்டவர், 1947இல் மறைந்தார். அந்நாளில் வெளியார் ஒருவர் துரையின் அனுமதியின்றித் தோட்டத்தினுள் கால் வைத்தால் அத்துமீறல் குற்றம். ஆதலின் அவர் புடவை வியாபாரி வேடம் பூண்டு லயங்களிற் புகுந்தார் என்பர். அத்தகையவர் கூட்டங்களில், எழுத்தறியாத மக்களின் முன், மீனாட்சியம்மாள் பாட எழுந்தார். ஒரு மணி நேரச் சொற்பொழிவு செவியிற் புகுந்து செவியிற் போகும். பாட்டு லயத்துக்குத் திரும்பும் வழியெல்லாம் கூட வரும். இதனை அவ்வம்மையார் நன்கு உணர்ந்திருந்தார். தாமே இயற்றினார், மக்கள் முன்னரே அறிந்த மெட்டுக்களில் அமைத்தார், தாமே பாடினார், 1940இல் 'இந்தியர்களது இலங்கை வாழ்க்கையின் நிலைமை' என்னும் பெயரில் அச்சிட்டும் பரப்பினார். மேடையேறிப் பாடும் பெண்ணை நம் சமூகம் எக்கண் கொண்டு பார்த்தது என்பதை நான் எடுத்துரைக்க வேண்டுவதில்லை. அந்தக் கண்களின் முன்னே, பிராமணக் குடும்பத்துப் பெண் ஒருவர் கூலிகளின் வயிற்றைப் பாடினார்.

காலமும் நோக்கத்தக்கது. 1939இல் இலங்கை அரசாங்கம் தன் நாட்கூலி வேலையிலிருந்த இந்தியரை விலக்கத் தொடங்கிற்று. 1940 ஜனவரியில் முல்லோயாத் தோட்டத்து வேலை நிறுத்தத்தில் கோவிந்தன் என்னும் தொழிலாளி போலீஸ் துப்பாக்கிக்கு இரையானார். அம்மையாரின் பாட்டுக்குப் பொருள் அகராதியிலிருந்து வரவில்லை.

அதே 1940ஆம் ஆண்டில், பூமியின் மறுபக்கத்தில், உடி கத்ரி என்னும் அமெரிக்கர் ஒருவர் பாடிக்கொண்டிருந்தார். ஒக்லஹோமா மாகாணத்தில் 1912இற் பிறந்தவர். மழை பொய்த்து, உழுத மண் புழுதியாய்க் கிளம்பி வானை மறைத்த கொடுங் காலத்தில், கடனில் நிலம் இழந்த குடியானவர்கள் பல்லாயிரவர் தட்டுமுட்டுச் சாமான்களோடு கலிபோர்னியாவுக்குக் கூலிகளாய்ப் புறப்பட்டனர். அவர்களுள் ஒருவராய் அலைந்து அவர்களையே பாடியவர் கத்ரி. அவரும் பழைய மெட்டுக்களை எடுத்துப் புதுச் சொற்களை ஏற்றினவரே. 1940 மார்ச்சு மாதத்தில் ஆலன் லோமாக்ஸ் என்பார் அவரை வாஷிங்டனுக்கு அழைத்து, காங்கிரஸ் நூலகத்துக்காக அவர் பாட்டையும் பேச்சையும் மணிக்கணக்கிற் பதிந்து வைத்தார். சில மாதங்களுக்குள் விக்டர் கம்பெனியார் அவருடைய புழுதிப் பாட்டுக்களைத் தட்டாக்கி வெளியிட்டனர். 1961இல் நோயுற்றுக் கிடந்த அவரைத் தேடி வந்த பையன் பாப் டிலன். அப்பையனுக்கு 2016இல் இலக்கிய நோபல் பரிசு கிடைத்தது. வேட்டைக் குடிலிற் பாடிய வெர்னன் வரை நீளும் பரம்பரை அது.

ஒரே ஆண்டு. இருவர் பாடியதும் நிலமற்ற கூலிகளை. ஒருவருடைய குரலை யான் கம்போங் மேடானில் இருந்துகொண்டு, இப்போதே, இந்நொடியே கேட்க முடியும். மற்றவரிடமிருந்து நமக்குக் கிடைத்திருப்பது அச்சு, குரலன்று. அவர் குரல் கனத்ததோ மெலிந்ததோ, எந்தச் சொல்லில் நின்றார், எங்கே கூட்டம் அழுதது, எங்கே தாமே அழுதார்? தாளைத் தடவிப் பார்த்தால் இவை கிடைக்குமா?

கருவி இல்லாத குறை என்று சிலர் கூறலாம். அஃது ஒப்பத்தக்கதன்று. கிராமபோன் கம்பெனியார் 1902இலேயே கல்கத்தாவுக்கு வந்து கௌஹர் ஜானின் பாட்டைத் தட்டிற் பதிந்தனர். நாடக மேடையில் முடிசூடியிருந்த கே. பி. சுந்தராம்பாளின் இசைத்தட்டுகள் தமிழ் வழங்கும் இடமெல்லாம் சுழன்றன. கருவி இருந்தது. அதனை எவர் முன் வைப்பது என்று தீர்மானித்தவர் வியாபாரி. விற்கும் குரலைப் பதிந்தார். விலைபோகாத குரலை விட்டார். லோமாக்ஸின் பெருமை அவர் கையிலிருந்த கருவியில் இல்லை. புழுதி படிந்த ஒரு கூலிக்காரன் தனக்குத் தானே பாடிக்கொள்வது நாட்டின் நூலகத்தில் இருக்கத்தக்கது என்று ஒரு நூலகத்தார் நம்பினரே, அந்த நம்பிக்கையிலே உள்ளது. நம்மிடம் இல்லாதிருந்தது அதுவே.

நிற்க. இங்கே எனது தொழிலைப் பற்றியும் ஒரு வார்த்தை சொல்லியாக வேண்டும். யான் தோட்டத்துக் கிராணி. கிள்ளான் வட்டாரத்தில் 1941இல் நிகழ்ந்த பெரு வேலைநிறுத்தம் நம் சரித்திரத்தில் மறக்கத்தக்கதன்று. ஆர். எச். நாதன் தலைமையில் பால்மரத் தொழிலாளர் ஆயிரக்கணக்கானோர் வேலையை விட்டு நின்றனர். நாதன் சிறைப்பட்டு நாடு கடத்தப்பட்டார். மே மாதத்தில் பட்டாளம் வரவழைக்கப்பட்டுத் தொழிலாளர் ஐவர் சுட்டுக் கொல்லப்பட்டனர். அவர்கள் வைத்த கோரிக்கைகளுள் கூலி உயர்வு உண்டு, பள்ளிக்கூடம் உண்டு, மருத்துவம் உண்டு. அவற்றோடு மற்றொன்றும் இருந்தது. துரையையோ கிராணியையோ எதிரிற் கண்டால் சைக்கிளிலிருந்து இறங்கி நிற்க வேண்டும் என்னும் வழக்கம் ஒழியவேண்டும் என்பதே அது. இதனை முதன்முதல் நூலிற் படித்த அன்று, அலுவலக நாற்காலியில் எனக்கு இருப்புக் கொள்ளவில்லை. எந்தக் கையின் முன்னே அவர்கள் இறங்கி நின்றார்களோ அந்தக் கைதான் செக்ரோல் எழுதிற்று. ஆளின் பெயர், தகப்பன் பெயர், வேலை செய்த நாள், பாலின் எடை, கூலி, பிடித்தம் அனைத்துக்கும் அதிலே கட்டம் உண்டு. இருளில் அவள் பாடிய பாட்டுக்குக் கட்டமில்லை. தோட்டத்திலே எழுதத் தெரிந்தவர் நாங்கள் ஒருவரே, நாங்கள் எழுதவில்லை. வேறு எவரைக் குறைகூறுவது?

வீட்டுக்குள்ளேயே பாடி, வீட்டுக்குள்ளேயே அடங்கிய குரலும் காலங் கடந்து வெளிப்படலாம் என்பதற்கு ஒரு சான்று, விந்தையாய், நம் பக்கத்துப் பர்மாவிலிருந்தே கிடைக்கின்றது. மாலி டிரேக் என்னும் ஆங்கில மாது 1915இல் ரங்கூனிற் பிறந்தவர். கணவர் பம்பாய் பர்மா வர்த்தகக் கம்பெனியில் உத்தியோகஸ்தர். 1942இல் ஜப்பானியர் பர்மாவிற் புகுந்தபோது இந்தியாவுக்குத் தப்பிவந்து, தம் சகோதரியுடன் டில்லி வானொலியிற் பாடினார். போருக்குப் பின் பர்மா திரும்பி, அப்பால் இங்கிலாந்தில் ஒரு கிராமத்திற் குடியேறினார். அங்கே, 1950களில், இல்லத்துப் பியானோவின் முன் அமர்ந்து, மெல்லிய சோகம் தோய்ந்த பாட்டுக்களைத் தமக்கென்றே இயற்றிப் பாடினார். கணவர் அவற்றை வீட்டு டேப்பில் பதிந்து வைத்தார். 1948இல் ரங்கூனிற் பிறந்த அவர்தம் மகன் நிக் டிரேக், கித்தாரோடு தனியே பாடும் மரபில் இன்று தெய்வம்போல் போற்றப்படுபவர். மூன்று தட்டுகள் வெளியிட்டு, அவை விலைபோகாமல், 1974இல் இருபத்தாறு வயதில் மாண்டார். தாயார் 1993இல் மறைந்தார். தாயின் பாட்டுக்கள் 2013இல் உலகுக்கு வெளிவந்தபோது, மகனின் இசைக்கு வேர் எங்கிருந்தது என்பதைக் கேட்டோர் உணர்ந்து வியந்தனர்.

அதே 1942இல் அதே பர்மாவிலிருந்து தமிழர் கூட்டங் கூட்டமாய்க் கால்நடையாய் இந்தியா நோக்கி நடந்தனர். வழியிலே வீழ்ந்தவர் எண்ணற்றவர். அவர்களுள்ளும் பாடிய தாய்மார் இருந்திருப்பர். அவர்தம் வீட்டில் டேப் இல்லை. வீடே இல்லை.

இன்றோ கருவியைப் பற்றிய சாக்கு எவர்க்கும் இல்லை. யாழ்ப்பாணத்து உரும்பிராயைச் சேர்ந்த நித்தி கனகரத்தினம் 1960களின் பிற்பகுதியில், சொல்லும் தமது, மெட்டும் தமது, குரலும் தமது என்று கித்தாரோடு நின்று பாடி, இதற்குத் தமிழ் இடங்கொடுக்கும் என்று காட்டிவிட்டார். அவர் பெரிதும் நகையைப் பாடினார் என்பது வேறு விஷயம். நமக்கு அதுவும் வேண்டியதே. 2021இல் வெளிவந்து உலகெங்கும் ஒலித்த 'எஞ்சாய் எஞ்சாமி' என்னும் பாட்டில், தெருக்குரல் அறிவு இலங்கைத் தேயிலைத் தோட்டத்தில் உழைத்துத் தமிழகம் திரும்பிய தம் பாட்டி வள்ளியம்மாளின் கதையை வைத்தார். பாட்டின் உரிமை யாருக்கு என்று பின்னர் எழுந்த பூசலை நம்மவர் அறிவர். பாட்டியின் பெயரை உலகம் உச்சரித்ததை யான் பெரிதாய் எண்ணுகின்றேன்.

எமது தோட்டத்தில் இப்போது பால்மரம் இல்லை, எல்லாம் செம்பனை. வேலை செய்வோரிற் பெரும்பாலோர் வங்காளதேசத்தவரும் இந்தோனேசியரும். இரவிலே குடியிருப்பின் படியில் தனியே அமர்ந்து, கைப்பேசியை முகத்தின் முன் பிடித்துத் தம் மொழியிற் பாடும் இளைஞரைக் காண்கிறேன். யாருக்கோ அனுப்புகின்றனர். சிலர் ஒருவருக்கும் அனுப்புவதில்லை போலும்.

யான் குடியிருப்பது கம்போங் மேடான். பழைய கிள்ளான் சாலையை ஒட்டிய இவ்விடத்தைப் பத்திரிகை படிப்போர் 2001 மார்ச்சு மாதத்துக் கலவரத்தின் பெயராகவே அறிவர். அதில் ஆறு உயிர்கள் போயின. இறந்தவர் பெரும்பாலும் நம்மவர். தோட்டங்கள் துண்டாடப்பட்டு வீடமைப்புக்கு விற்கப்பட்டபோது, லயத்தை விட்டு வெளியேறியவர் எங்கே போவர்? இத்தகைய புறம்போக்குக் குடியிருப்புக்களில் வந்து பலகை வீடு கட்டினர். பின்னர் அடுக்குமாடிகள் எழுந்தன. லயத்தில் ஒரு சுவருக்கு அப்பால் அடுத்த வீட்டார் இருந்தனர். இங்கே மேலும் கீழுமாக இருக்கின்றனர். அவ்வளவே மாற்றம்.

எமக்கு அடுத்த கதவில் ஒரு பாட்டி இருக்கிறார். எண்பது கடந்தவர். முப்பது ஆண்டுகளுக்கு மேல் பால் வெட்டினவர். அவருடைய தகப்பனாரை ஜப்பானியர் 1943இல் சயாம் இரயில் பாதை வேலைக்குக் கொண்டு சென்றபோது அவர் கைக்குழந்தை. 415 கிலோமீட்டர் நீளமுள்ள அந்தப் பாதையில் எந்தக் கட்டையின் அருகே தகப்பனார் வீழ்ந்தார் என்று சொல்ல ஒருவரும் திரும்பவில்லை. பிணம் இல்லை, ஆகவே இழவு இல்லை, ஆகவே ஒப்பாரிக்கும் இடமில்லை. தாயார் அதனை நிரையில் வைத்துக்கொண்டார். விடியுமுன் மரம் மரமாய்ச் சீவிக்கொண்டே பாடினார். பெண் வளர்ந்து தானும் கத்தி எடுத்தபோது, அப்பாட்டைத் தானும் எடுத்தார். தாயின் அடிகளுக்குப் பின்னே தன் அடிகளைச் சேர்த்தார்.

பாடிக்காட்டும்படி யான் வேண்டியபோது மறுத்துவிட்டார். "வீட்டுக்குள்ள அதப் பாடக் கூடாது தம்பி. சாவு விழாதப்போ பாடினா, சாவக் கூப்பிட்ட மாதிரி ஆயிரும்" என்றார். இஃது ஒரு மூடநம்பிக்கை என்று எடுத்துரைக்க என் நாவில் வாக்கியம் தயாராய் இருந்தது. நம் பத்திரிகைகளில் அத்தகைய வாக்கியங்களைப் படித்து வளர்ந்தவனல்லனா? ஆனால் எண்பது ஆண்டாகத் தகப்பனார்க்கு அழ வீடு கிடைக்காத ஒருவரிடம் அதனைச் சொல்ல எனக்கு வாய் வரவில்லை. இக்கட்டுப்பாடும் இப்பாட்டுக்களைக் காத்ததா, அழித்ததா என்பதைப் பின்னர் யோசிக்கலாம் என்று விட்டேன். பல வாரங்கள் சென்று, அவரே ஒருநாள் கதவண்டை நின்று, "தோட்டத்துக்குக் கூட்டிட்டுப் போறியா? அங்கன்னா பாடலாம்" என்றார்.

அவர் வேலை செய்த தோட்டம் இன்று வீடுகளும் கடைத்தெருவும். ஆகவே எமது செம்பனைத் தோட்டத்துக்கே ஒரு ஞாயிற்றுக்கிழமை காலை காரில் அழைத்துச் சென்றேன். மரங்களை நிமிர்ந்து பார்த்துவிட்டு, "இது நம்ம மரமில்ல" என்றார். பின்னர்ச் சிறிது தூரம் நடந்து, ஒரு மரத்தடியில் முதுகை எமக்குக் காட்டி நின்று தொடங்கினார். பாட்டு தாழ்ந்த குரலில் எழுந்தது. தாயின் அடிகளில் தகப்பனார் போன வழியிலுள்ள ஊர்களின் பெயர்கள் ஒன்றன்பின் ஒன்றாய் வந்தன. தம் அடிகளில், தகப்பனார் திரும்பி வந்தால் லயத்தைத் தேடுவாரே, லயம் இல்லையே, கம்போங் மேடான் என்று அவருக்கு யார் சொல்வார் என்று கேட்டார்.

குலை அறுக்க வந்த வங்காளதேசத்து இளைஞர் ஒருவர் அரிவாள் கம்பைத் தோளிற் சாய்த்தபடி நின்றுவிட்டார். பாட்டு முடிந்ததும் என்னை அணுகி, யார் இறந்தது என்று மலாயில் வினவினார். அவருடைய தகப்பனார் என்றேன். எப்போது என்றார். ஆண்டைச் சொன்னேன். அவர் ஒன்றும் பேசாமல் தொப்பியைக் கழற்றி மறுபடி போட்டுக்கொண்டு போனார்.

பதிவு ஏழு நிமிடம். நடுவே ஒரு விமானத்தின் ஓசையும், எனது காலடியில் ஓலை முறிந்த ஓசையும் உள்ளன. திரும்பும் வழியில் பாட்டி அதனை வீட்டில் ஒலிக்கவிடக் கூடாதென்று வாக்குக் கேட்டார். கொடுத்தேன். ஆதலின் அஃது எனது அலுவலகக் கணினியில், அவர் முழுப் பெயரோடும் தாயார் பெயரோடும் தோட்டத்தின் பெயரோடும், கூலிக் கணக்குகள் இருக்கும் அறையிலேயே இருக்கின்றது.